பரண் ஏடுகளும் பண்பாட்டு மரபும்

பழைய சஞ்சிகைகளைத் தேடிச் சேர்க்கும் பழக்கம் உலகெங்கும் இன்று ஒரு வர்த்தகமாக வளர்ந்துவிட்டது. அவற்றுள்ளும் 'ஆண்களுக்கான சஞ்சிகை' என்று மேல்நாட்டார் பெயரிட்டழைக்கும் வகைக்குத் தனி மதிப்பு. அட்டை கிழியாமல், நடுப்பக்கப் படம் பிரிபடாமல், தாள் பழுக்காமல் கிடைக்கும் ஒரு பழம் பிரதிக்கு ஏலத்தில் பல ஆயிரம் டொலர் கொடுப்பார் உளர். சேர்ப்போர் தம் செயலுக்குத் துணையாக ஒரு பெரிய சொல்லையும் அழைத்துக்கொண்டனர். பண்பாட்டு மரபு என்பது அச்சொல். மரபு என்று ஒன்றைச் சொன்னால் அதில் பங்கு கேட்கும் உரிமை எவர்க்கும் உண்டு. பங்கு கேட்குமுன் அதனுள் யாருடைய உழைப்பு அடங்கிக் கிடக்கிறது என்று பார்க்கும் கடமையும் உண்டு.

மட்டக்களப்பு வாவிக்கரையில் இருப்போர்க்கு இந்த ஆராய்ச்சி எதற்கு என்று முகம் சுளிக்கும் ஆசிரிய நண்பர்கள் இருப்பார்கள். அவர்களுடைய வகுப்பறையிலே அமர்ந்திருக்கும் மாணவன் ஒரே நாளில் தன் கைத்தொலைபேசியிற் காணும் படங்களை அவனுடைய பாட்டனார் தம் ஆயுள் முழுவதிலும் கண்டிருக்கமாட்டார். அதைப்பற்றி அவனோடு பேச நமக்கு வாய் வருவதில்லை. தொலைபேசியின் திரையில் ஓடி மறையும் படத்தை எடுத்தவர் யார், படத்திலுள்ளவள் யார், அவள் கைக்கு என்ன சேர்ந்தது என்பவற்றை அறிய வழியுமில்லை. அச்சேட்டின் நிலை வேறு. அதற்கு முகவரி உண்டு, விலை உண்டு, விற்பனைக் கணக்கு உண்டு. சுரண்டலின் பேரேட்டை முதலிலிருந்து கடைசிவரை புரட்டிப் பார்க்கக்கூடிய பண்டங்களில் அதுவும் ஒன்று.

இவ்வகையில் உலகப் புகழ் பெற்ற 'பிளேபோய்' சஞ்சிகையின் முதல் இதழையே எடுத்துக்கொள்வோம். 1949 ஆம் ஆண்டு, பணமுடையில் இருந்த ஓர் இளம் நடிகை டொம் கெலி என்ற புகைப்படக்காரரின் முன் ஆடையின்றி அமர்ந்தார். ஒப்புதல் தாளில் வேறொரு பெயரைக் கையொப்பமாக இட்டார். அவருக்குக் கிடைத்த கூலி 50 டொலர். படம் நாட்காட்டிக் கம்பனி ஒன்றின் கைக்குப் போயிற்று. நடிகை மர்லின் மன்றோ என்ற பெயரில் உலகறிந்தவரான பின்னர், 1953 இல், சிக்காகோ நகரத்து ஹியூ ஹெப்னர் என்னும் 27 வயது இளைஞர் அந்தக் கம்பனிக்கு 500 டொலர் கொடுத்து அப்படத்தைப் பெற்றார். அவ்வாண்டு டிசம்பரில் வெளிவந்த இதழில் திகதி அச்சிடப்படவில்லை. இரண்டாவது இதழ் வருமோ என்ற ஐயம் அவருக்கே இருந்தது. 50 சதம் விலையில் ஐம்பதினாயிரத்துக்கு மேற்பட்ட பிரதிகள் விற்றுத் தீர்ந்தன. 1972 நவம்பர் இதழ் 70 இலட்சம் பிரதிகளைத் தாண்டியது. மன்றோவுக்கு அந்த 50 டொலருக்கு மேல் ஒரு சதமும் இந்தக் கணக்கிலிருந்து போகவில்லை.

கதை அங்கும் முடியவில்லை. மன்றோ 1962 இல் மாண்டார். லொஸ் ஏஞ்சலிஸ் மயானமொன்றில் அவருடைய கல்லறைக்கு அடுத்த கல்லறையை 1992 இல் 75,000 டொலருக்கு வாங்கி வைத்தார் ஹெப்னர். 2017 இல் அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். உயிரோடிருந்தபோது 50 டொலர் பெற்ற பெண்ணின் அருகே, செத்தபின் கிடக்க 75,000 டொலர்! முதலாளித்துவத்தின் விலைப்பட்டியலில் இதனினும் தெளிவான இரண்டு வரிகளைத் தேடிக் காண்பது அரிது. முதல் இதழை ஏலத்தில் எடுக்கும் செல்வர், தாளின் பழுப்பையும் மடிப்பையும் பூதக்கண்ணாடி கொண்டு அளக்கிறார். அந்த 50 டொலரை அளப்பதற்கு அவரிடம் கண்ணாடி கிடையாது.

ஆயினும் எதிர்த்தரப்பின் வாதத்தையும் நேர்மையோடு கேட்கவேண்டும். புத்தகங்களை எரிப்பதையே அரசின் தொழிலாகக் கொண்ட ஒரு வருங்காலத்தைச் சித்திரிக்கும் ரே பிராட்பரியின் 'பாரன்ஹீற் 451' என்ற நாவல், 1954 மார்ச் முதல் மே வரை இதே சஞ்சிகையிற் தொடராக வந்தது. கறுப்பின மக்களின் தலைவர் மல்கம் எக்ஸ் அவர்களை அலெக்ஸ் ஹேலி கண்ட நீண்ட பேட்டி 1963 மே இதழில் வெளியாயிற்று. மார்ட்டின் லூதர் கிங் அவர்களின் பேட்டி 1965 ஜனவரியில். பார்வையற்றோருக்கான பிரெயில் பதிப்பை அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 1970 முதல் வெளியிட்டு வந்தது. அதற்கான பணத்தை 1985 இல் சட்டசபையினர் வெட்டினர். வெட்டியது சொல்லுரிமைக்கு விரோதமென்று மறு ஆண்டே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. படமே இல்லாத அப்பதிப்பைக் கேட்டு வாங்கியவர்கள் இருந்தனர் என்றால், எழுத்துக்காகவே அதைப் படித்தோம் என்று சொல்பவர் எல்லோரும் பொய்யர் அல்லர் என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்!

ஒப்புக்கொண்ட பின்பும் கேள்வி நிற்கிறது. நல்ல எழுத்துக்குக் கொடுத்த பெரும் பணம் எங்கிருந்து வந்தது? அந்நிறுவனம் நடத்திய நியூயோர்க் கேளிக்கை விடுதியில் முயற்காதும் வாலும் அணிந்து பணியாற்றும் பெண்களில் ஒருத்தியாகப் பொய்ப்பெயரில் வேலைக்குச் சேர்ந்தார், குளோரியா ஸ்டைனம் என்ற பெண் பத்திரிகையாளர். உடையின் இறுக்கம், வீங்கிய பாதங்கள், விளம்பரத்திற் சொன்னதற்கும் கையிற் கொடுத்ததற்கும் இருந்த தூரம் ஆகியவற்றை 1963 இல் வேறொரு சஞ்சிகையில் எழுதினார். மல்கம் எக்ஸின் பேட்டி வந்த அதே ஆண்டு. இரண்டையும் பக்கத்திற் பக்கத்தில் வைத்துப் படிப்பவனே அக்காலத்தைப் படித்தவனாவான். ஒன்றை மட்டும் பட்டுத்துணியிற் பொதிந்து வைக்கும் சேகரிப்பாளன் பாதிக் காலத்தையே சேர்த்து வைத்திருக்கிறான்.

இனி நம் பக்கம் வருவோம். தமிழில் இப்படி ஒரு பெயர்ப்பலகை மாட்டிய சஞ்சிகை வகை என்றும் உருவாகவில்லை. பலகை இல்லாமலே சரக்கு வந்தது. 1943 இல் சென்னையில் 'சினிமா தூது' என்ற ஏட்டைத் தொடங்கிய இலட்சுமிகாந்தன், நடிக நடிகையரின் அந்தரங்கம் என்று சொல்லி எழுதுவதையே தொழிலாக்கினார்; எழுதாமலிருப்பதற்கும் பணம் பறித்தார் என்று பழி எழுந்தது. அதன்பின் 'இந்துநேசன்' அவர் கைக்கு வந்தது. 1944 நவம்பரில் அவர் குத்திக் கொல்லப்பட்டதும், எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் ஆயுள் தண்டனை பெற்று 1947 இல் விடுதலையானதும் யாவரும் அறிந்த வரலாறு. இவ்வழக்கைப் பேசுவோர் பாகவதரின் வீழ்ச்சிக்காகக் கண்ணீர் உகுப்பர். அந்த ஏடுகளில் வாரந்தோறும் கிழிக்கப்பட்ட நடிகைகளுக்காக எவரும் உகுத்ததில்லை. வழக்குத் தொடரவும் கொலை செய்யவும் இயலாதவர்கள் அவர்களே.

பின்னர் வந்தவை வேறு வகை. குடும்பப் பத்திரிகை என்று சொல்லிக்கொண்டே அட்டையிலும் கதைப் படத்திலும் ஆண் கண்ணுக்குத் தீனி வைத்த வார ஏடுகள். சினிமா மாத ஏடுகள். இவற்றுக்கும் கீழே, அச்சகத்தின் பெயரோ எழுதியவன் பெயரோ இன்றிக் கையடக்கமாகக் கடைக்குப் பின்புறத்தில் விற்கப்பட்ட பிரசுரங்கள். இக்கடைசி வகை முழுவதற்குமே 'சரோஜாதேவி' என்ற ஒரு பெண் பெயர் பொதுப் பெயராக நிலைத்துவிட்டது. எழுதியவன், அச்சிட்டவன், விற்றவன், வாங்கியவன் அனைவரும் பெயரற்றவர். பெயர் மட்டும் பெண்ணுடையது.

இந்தச் சரக்கு பாக்குநீரிணையைக் கடந்து கொழும்புக்கும், அங்கிருந்து புகைவண்டியில் மட்டக்களப்புக்கும் வந்தது. சலூன் வாங்குகளில் வார ஏடு பலர் கைமாறிக் கிழிந்தது. மற்றது மடியில் மறைந்து வீட்டுக்குப் போயிற்று. வீடு என்று சொல்லும்போது இப்பிரதேசத்துக்கே உரிய ஒரு செய்தியை மறக்கலாகாது. தமிழரிடத்தும் முஸ்லிம்களிடத்தும் வீடும் வளவும் இங்கே மகளுக்குச் சீதனமாகப் போகின்றன. மணம் முடித்த ஆண் மனைவியின் வீட்டுக்கு வந்து வாழ்கிறான்; குடிவழியும் தாய்வழியே எண்ணப்படும். ஆகவே ஆண் ஒளித்து வைத்த ஏடு என்றுமே ஒரு பெண்ணின் பரணிலேதான் இருந்தது. அவன் கண்ணை மூடியபின் பெட்டியைத் திறந்தவர்கள் மனைவியும் மகளும். திறந்ததும் அடுப்பில் இட்டார்கள். அந்த ஏடுகளை முழு உரிமையோடு தீயிலிட்ட முதல் விமர்சகர்கள் அவர்களே என்று சொன்னால் தவறாகாது. அவர்களுடைய விமர்சனத்துக்கு எழுத்து வடிவம் மட்டும் கிடைக்கவில்லை.

அதே வீட்டில் இன்னொரு சேகரிப்பும் நடந்தது. கல்கியிலும் விகடனிலும் வந்த தொடர்கதைகளை வாரந்தோறும் பிரித்தெடுத்து, ஊசியும் நூலும் கொண்டு தைத்து, மட்டையிட்டு வைத்தவர்களிற் பெரும்பாலோர் பெண்கள். ஓவியர் ஜெயராஜ் 1958 முதல் குமுதத்தில் வரைந்த பெண்ணுருவங்களை ஆண் ஒரு கண்ணால் பார்த்தான். அதே தாளின் மறுபுறத்திலிருந்த கதைக்காக அதைத் தைத்து வைத்தவளின் பார்வை வேறு. இந்தக் கைத்தையல் தொகுப்புகளுக்கு ஏலச்சந்தையில் விலை இல்லை. பக்கம் வெட்டுப்பட்டது, அட்டை இல்லை என்று தள்ளிவிடுவார்கள். எந்தக் கதையை எவள் காக்கத் தக்கதென்று கருதினாள் என்பதற்கு இதனினும் நல்ல சான்று எது? சந்தையின் மதிப்பீடும் வரலாற்றின் மதிப்பீடும் எத்துணை எதிரெதிரானவை என்பதைக் காட்டும் ஒரு நூல் முடிச்சு அது.

வாவிக்கு மேற்கே படுவான்கரையிலும் கிழக்கே எழுவான்கரையிலும் வழங்கிய நாட்டார் கவிகளை இங்கே நினைத்துப் பார்ப்பது பொருந்தும். வித்துவான் வி. சீ. கந்தையா அவர்கள் 1964 இல் வெளியிட்ட 'மட்டக்களப்புத் தமிழக'த்தில் இப்பிரதேசத்து நாட்டுப் பாடல்களைக் காணலாம். அக்கவிகளிலும் வேட்கை உண்டு, உடல் உண்டு, ஒழுக்கவாதி காதைப் பொத்திக்கொள்ளும் துணிவும் உண்டு. ஆனால் அங்கே பெண் பதில் சொல்கிறாள். ஆண் ஒன்று கேட்டால் அவள் அவனை எள்ளுகிறாள், ஏசுகிறாள், தானே முந்தியும் கேட்கிறாள். நடுப்பக்கப் படத்துப் பெண்ணுக்கு அந்த வாய் இல்லை. ஆபாசம் எது என்ற நெடுங்கால வழக்குக்கு நான் சொல்லும் அளவுகோல் இதுதான்: துணியின் நீளத்தை அளக்கவேண்டாம், எதிர்க்குரல் இருக்கிறதா என்று கேட்டால் போதும். 1927 ஆம் ஆண்டின் ஆபாச வெளியீடுகள் கட்டளைச் சட்டம் இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. வெள்ளைக்காரன் கொண்டுவந்த சட்டத்துக்கு நம் கவி தெரிந்திருக்க நியாயமுமில்லை.

நம் முற்போக்கு இயக்கம் கேட்டதா? இங்கேதான் சற்று நின்று பேசவேண்டியிருக்கிறது.

தென்னிந்திய வர்த்தகச் சஞ்சிகைகளின் வெள்ளத்தில் ஈழத்து எழுத்து மூழ்குகிறது, ஆகவே இறக்குமதியைக் கட்டுப்படுத்துக என்று முற்போக்கு எழுத்தாளர் எழுப்பிய குரல் நியாயமான குரல். 1970களின் முற்பகுதியில் ஐக்கிய முன்னணி அரசு அந்தக் கட்டுப்பாட்டைக் கொண்டுவந்தபோது பலன் கண்கூடாகத் தெரிந்தது. வீரகேசரி நிறுவனம் வரிசையாக நாவல்களை வெளியிட்டது. பாலமனோகரனின் 'நிலக்கிளி'யும் செங்கை ஆழியானின் 'வாடைக்காற்று'ம் 1973 இல் அவ்வரிசையில் வந்தவை. வன்னிக் காடும் நெடுந்தீவுக் கடலும் அச்சேறின. 1977 இல் பொருளாதாரக் கதவு திறக்கப்பட்டதும் பழைய வெள்ளம் திரும்பி வந்தது. ஈழத்து வெளியீடு மீண்டும் மெலிந்தது. இவ்வளவும் நம் தரப்புக்குச் சாதகமான சான்று. இதை மறுத்துப் பேசும் தாராளவாத நண்பர்கள் அந்த ஆண்டுகளின் நூற்பட்டியலை ஒருமுறை பார்ப்பது நல்லது.

ஆனால் கட்டுப்பாடு என்பது துறைமுகத்தில் சுங்க அதிகாரி செய்யும் காரியம். வாசகன் மனத்தில் அது எதையும் செய்வதில்லை. 'நச்சு இலக்கியம்' என்று ஒரே சொல்லால் எல்லாவற்றையும் ஒதுக்கினோமேயன்றி, நஞ்சு எந்த வாக்கியத்தில், எந்தப் படத்தின் எந்தக் கோணத்தில் கலந்திருக்கிறது என்று பிரித்துக் காட்டும் விமர்சனத்தை நம் பக்கங்கள் போதிய அளவு வளர்க்கவில்லை. அதன் விளைவை எஸ். பொன்னுத்துரையின் 'தீ' நாவலுக்கு நேர்ந்ததில் காணலாம். யாழ்ப்பாணத்திற் பிறந்து மட்டக்களப்பில் வாழ்ந்து ஆசிரியப் பணி புரிந்த அவர் 1961 இல் அந்நாவலை வெளியிட்டார். ஓர் ஆணின் பாலுறவு வாழ்வை அவன் வாயாலேயே சொல்ல வைக்கும் நாவல் அது. ஆபாசம் என்ற கூக்குரல் எழுந்தது. பரணில் கிடந்த பெயரற்ற பிரசுரத்துக்கும் இதற்கும் வேறுபாடே இல்லை என்பதுபோற் பலர் பேசினர்.

வேறுபாடு உண்டு. அந்தப் பிரசுரம் வேட்கையை விற்கிறது. விற்பதற்காக அதன் விளைவை மறைக்கிறது. 'தீ' விளைவைச் சொல்வதற்காகவே எழுதப்பட்டது. வேட்கை அவனை எரிப்பதைத் தலைப்பே சொல்கிறது. அதன் குறையும் வெளிப்படையானதே: கதை முழுவதும் ஆணின் கூற்று, வாவிக்கரைக் கவியில் பதிலுரைத்த பெண்ணின் இடம் அந்நாவலில் மிகச் சிறிது. இவ்விரண்டையும் சேர்த்துச் சொல்வதுதான் மார்க்சிய விமர்சனமாக இருந்திருக்கும். பொன்னுத்துரை முற்போக்கு அணியிலிருந்து பிரிந்து 'நற்போக்கு' என்று வேறு கொடி பிடித்ததும், இரு தரப்பும் வசைபாடியதும் இலக்கிய வரலாற்றில் இருக்கின்றன. கொடிச் சண்டையில் நாவல் படிக்கப்படாமலே போயிற்று. ஒப்பிட்டுக் காட்டுவதற்கு வேண்டிய மலிவுச் சரக்கைக் கையில் வைத்திருப்பதே இழுக்கு என்று கருதிய சமூகத்தில், மலிவு எது, இலக்கியம் எது என்று மாணவனுக்கு எதைக் கொண்டு விளக்குவது?

கையில் வைத்திருந்தவர் ஒருவர் தமிழகத்தில் இருந்தார். பெயர்ப்பலகை எழுதும் ஓவியராகத் தொழில் தொடங்கிய, செட்டிநாட்டுக் கோட்டையூரைச் சேர்ந்த ரோஜா முத்தையா. பழம் புத்தகத்தோடு நாடக நோட்டீசையும் திருமண அழைப்பையும் சினிமாப் பாட்டுப் புத்தகத்தையும் வெகுசனச் சஞ்சிகையையும் ஒரே மதிப்போடு சேர்த்தார். உயர்ந்தது தாழ்ந்தது என்று அவர் பிரிக்கவில்லை. அதுவே அவருடைய பெருமை. 1992 இல் அவர் இறந்தபின் சுமார் ஓர் இலட்சம் உருப்படிகள் கொண்ட அத்தொகுதியைச் சிக்காகோப் பல்கலைக்கழகம் வாங்கியது. இன்று அது சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக இயங்குகிறது. பிளேபோய் பிறந்த நகரமும் சிக்காகோதான் என்பது ஒரு வேடிக்கை. தமிழன் தூக்கியெறிந்த காகிதத்துக்கு விலை கொடுக்கவும் அந்த நகரத்திலிருந்தே ஆள் வரவேண்டியிருந்தது என்பதில் வேடிக்கை ஒன்றுமில்லை.

மட்டக்களப்பின் காகிதத்துக்கு அந்த வாய்ப்பும் கிட்டவில்லை. உப்புக் காற்றும் கறையானும் இராமபாணப் பூச்சியும் தின்றது போக எஞ்சியதை 1957 இன் வெள்ளமும், 1978 நவம்பர் 23 ஆம் திகதிச் சூறாவளியும் கொண்டுபோயின. கூரையோடு போனது பரண். சுற்றிவளைப்புக் காலத்தில் அச்சிட்ட எந்தத் தாளும் ஆபத்து என்று அஞ்சி வீட்டார் தாமே எரித்தனர், புதைத்தனர். 2004 டிசம்பரில் கடல் கல்லடியிலும் நாவலடியிலும் வீடுகளையே இல்லாமலாக்கிற்று. 1981 இல் யாழ்ப்பாண நூலகம் எரிக்கப்பட்டபோது அழிந்தவை சுமார் 97,000 நூல்கள் என்று எண்ணிச் சொல்ல முடிந்தது. பரண்களில் அழிந்ததற்கு எண்ணிக்கை கிடையாது. பேரழிவில் போனவற்றுள் ஆண்களின் இரகசிய ஏடுகளும் இருந்தன என்பதற்காக எவரும் துக்கப்படவேண்டியதில்லை. ஆனால் அவற்றோடு ஒரே பரணில் அவள் தைத்து வைத்த தொடர்கதையும் போயிற்று.

2005 முதல் 'நூலகம்' என்ற எண்ணிம நூலகம் ஈழத்துச் சஞ்சிகைகளை ஒவ்வொன்றாகப் படியெடுத்து எவரும் படிக்க வைத்துவருவது, இந்த இழப்பின் நடுவே செய்யப்படும் பெரும் பணி. மறுமலர்ச்சி, கலைச்செல்வி, மல்லிகை போன்றவற்றை ஒரு கிராமத்து மாணவன் இன்று கட்டணமின்றிப் படிக்கிறான். ஆனால் இலக்கியச் சஞ்சிகைக்குக் காவலர் கிடைப்பர். மலிவுச் சரக்குக்கு யார்? 1885 ஆம் ஆண்டின் அச்சகத்தார், வெளியீட்டாளர் கட்டளைச் சட்டத்தின்படி அச்சகத்தின் பெயர் பொறித்து அரசுக்குப் பிரதி கொடுக்கவேண்டும். பெயரே பொறிக்காத பிரசுரம் எப்படிச் சுவடிக்கூடத்துக்குப் போயிருக்கும்? கொழும்பில் டீ. ஆர். விஜேவர்தன மாவத்தைப் பழம் புத்தகக் கடைகளில் தூசுக்குள் எப்போதாவது அகப்பட்டாலன்றி, அது இருந்ததற்கே சாட்சியில்லை. இந்த வெற்றிடத்தில்தான் தனிச் சேகரிப்பாளர் வந்து அமர்கிறார். அவர் கூட்டி வைப்பதைப் பழிப்பதற்கில்லை. பூட்டி வைப்பதையே பழிக்கிறோம்.

ஆகவே செய்யவேண்டியது சில்லறையான, கூச்சம் தரும் காரியம். கிழக்கிலுள்ள கல்லூரி நூலகங்களும் பொதுநூலகங்களும் இவ்வகை ஏடுகளையும் ஏற்றுப் பதிவு செய்யட்டும். சிறுவர் கைக்கு எட்டாமல், ஆராய்வோர்க்கும் ஆசிரியர்க்கும் எட்டும்படி வைக்கட்டும். பட்டியலில் அட்டையின் அழகை வர்ணிக்கவேண்டாம். விலை என்ன, அச்சகம் எது, விளம்பரம் கொடுத்த கம்பனிகள் எவை, படம் எடுத்தவர் யார், படத்திலுள்ளவரின் பெயர் தெரியுமா, தெரியாதா என்ற விவரங்களை எழுதவேண்டும். வெட்டித் தைத்த தொடர்கதைத் தொகுப்பு வந்தால் தையலைப் பிரிக்காமல் அப்படியே வாங்கவேண்டும். தைத்தவரின் பெயரை அவர் விரும்பினால் எழுதவேண்டும். ஆண்களின் பெட்டியிலிருந்து வருவதற்கு மட்டும் கொடுத்தவர் பெயரைக் கேட்கக் கூடாது. சிறிய ஊர். கேட்டால் ஒரு தாளும் வராது. முன்போலவே எல்லாம் அடுப்புக்குப் போய்விடும்.